வேன் ஒன்று, வழிகாட்டி ஒருவர், நாங்கள் நாலு பேர்: இனாரியில் ஒரு நாள்

முப்பத்தாறு வருஷம் வனத்துறையில் வேலை பார்த்து, வனவராக ஓய்வு பெற்றவன் நான். பெரும்பகுதி நீலகிரிக் காடுகளில். அந்த வேலைக்குள் சம்பளம் இல்லாத இன்னொரு வேலையும் உண்டு: மேலதிகாரி, மேலதிகாரியின் மைத்துனர், மைத்துனரின் சிநேகிதர் என்று வருகிறவர்களுக்கெல்லாம் காடு காட்டுவது. அதனால் யாராவது என்னைக் கூட்டிப்போய்க் காடு காட்டுகிறேன் என்றால், காட்டைப் பார்ப்பதற்கு முன்னால் காட்டுகிற ஆளைத்தான் பார்ப்பேன். சமையல்காரர் அடுத்தவர் வைத்த விருந்துக்குப் போன மாதிரி.

மகள் ஹெல்சிங்கிக்குப் பக்கத்தில் எஸ்போவில் இருக்கிறாள். போன செப்டம்பர் இரண்டாம் வாரம் அவள், மாப்பிள்ளை, பத்து வயதுப் பேரன், நான் என்று நாலு பேரும் ஹெல்சிங்கியிலிருந்து இவாலோவுக்குப் பறந்தோம். ஒன்றரை மணி நேரம். ஃபின்லாந்தின் வடகோடி விமான நிலையம் அதுதான். அங்கிருந்து நாற்பது கிலோமீட்டர் வடக்கே இனாரி. வீட்டுக்காரி வரவில்லை, பாதிக் காரணம் மூட்டுவலி, பாதி குளிர். "சாமி ஜனங்க இருக்கிற ஊராம்" என்று சொன்னதற்கு, "அப்ப எனக்கும் சேர்த்துக் கும்பிட்டுட்டு வாங்க" என்றாள். சாமி என்பது அந்த ஊர்ப் பூர்வகுடிகளின் பெயர் என்று அப்போது விளக்கவில்லை.

மகள் பதிவு செய்திருந்தது தனிச் சுற்றுலா. காலை எட்டரை முதல் சாயங்காலம் ஐந்து வரை, நாலு பேருக்கும் சேர்த்து 560 யூரோ. வேன், மதியச் சாப்பாடு, மியூசியம் டிக்கெட், ரப்பர் பூட்ஸ் எல்லாம் அதற்குள். நம் பணத்தில் கணக்குப் போட்டுப் பார்த்து ஒரு நிமிஷம் பேச்சு வரவில்லை. கம்பெனி என்று சொல்கிற அளவுக்கு எதுவும் இல்லை. ஒரு அம்மாள், ஒரு வேன், அவ்வளவுதான். பெயரைப் போட்டு எழுதட்டுமா என்று கடைசியில் கேட்டேன். வாரத்துக்கு மூன்று நாள்தான் ஆள் கூட்டிப்போகிறேன், அதற்கே இடம் இல்லை, வேண்டாம் என்றார். அதனால் போடவில்லை. இப்படி ஒற்றை ஆளாக நடத்துகிறவர்கள் அந்தப் பக்கம் இன்னும் உண்டு. அவர்களிடம் என்ன கேட்டுப் பதிவு செய்ய வேண்டும் என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

அதற்கு முன்னால் ஒரு பழைய கதை. மூன்று வருஷத்துக்கு முன்பு குளிர்காலத்தில் வந்தபோது, ஃபின்லாந்தின் வடபகுதியான இதே லாப்லாந்தில், இனாரிக்கு வெகு தெற்கே ஒரு சுற்றுலா ஊரில், பஸ்ஸில் நாற்பது பேரோடு ஒரு பயணம் போனோம். ஒரு கூடாரத்துக்குள் உட்கார வைத்தார்கள். பளபளவென்று வண்ண உடை போட்ட ஒருவர் மேளம் தட்டி, ஏதோ முணுமுணுத்து, எங்கள் எல்லோர் நெற்றியிலும் கரி பூசினார். ஆர்க்டிக் வட்டத்தைத் தாண்டியதற்குச் சடங்காம். கையில் ஒரு சான்றிதழ் வேறு. வெளியே வந்து பார்த்தால் அதே ஆள் உடையைச் சுருட்டி வண்டிக்குள் எறிந்துவிட்டு ஜீன்ஸில் நின்று புகை பிடித்துக்கொண்டிருந்தார். மாப்பிள்ளை பேச்சுக் கொடுத்ததில், தான் சாமி இனம் இல்லை, சீசனுக்கு வந்த வேலை என்றார்.

அவரைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. ஓய்வு விடுதிக்கு யாராவது பெரிய மனிதர் வந்தால், ராத்திரி ஏழு மணிக்கு ஆட்டம் வேண்டும் என்று பழங்குடிக் குடியிருப்புக்குச் சொல்லி அனுப்பியவர்களில் நானும் ஒருவன். பகலெல்லாம் கூலி வேலை பார்த்த குறும்பர்கள் குழலும் மத்தளமும் எடுத்துக்கொண்டு வந்து, ஜீப் ஹெட்லைட் வெளிச்சத்தில் ஆடிவிட்டுப் போவார்கள். அது கல்யாணத்துக்கு ஆடுவதா, சாவுக்கு ஆடுவதா என்று ஒருநாளும் நான் கேட்டதில்லை.

சரி, இனாரிக்கு வருகிறேன்.

எட்டரை என்றவர் எட்டு இருபதுக்கே ஓட்டல் வாசலில் இருந்தார். ஐம்பதைத் தாண்டிய வயது. கால்சட்டை முழங்காலில் வெளுத்திருந்தது. பூட்ஸ் பழசு, ஆனால் எண்ணெய் போட்டு வைத்தது. இடுப்பில் ஒரு கத்தி, பிடி கையால் மெருகேறியது. எனக்குப் பாதி நம்பிக்கை அங்கேயே வந்துவிட்டது. மடிப்புக் கலையாத உடுப்பில் காட்டுக்கு வருகிறவரை நான் நம்புவதில்லை. வந்ததும் கை கொடுத்து, என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். அறுபத்தைந்து வயதில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட மிச்சம் இருப்பது என் அக்கா ஒருத்திதான். முதலில் சுருக்கென்றது. மதியத்துக்குள் பழகிவிட்டது.

வண்டியை எடுக்காமல் முதலில் கேள்வி கேட்டார். யாருக்கு முழங்கால் வலி, யார் ராத்திரி சரியாகத் தூங்கவில்லை, யாருக்கு எது சாப்பிட ஆகாது. அப்புறம், "மியூசியம், ரெயின்டீர் பண்ணை, காட்டு நடை, ஏரி. நாலையும் ஒரே நாளில் முடிக்கலாம். நாலும் அரைகுறையாக இருக்கும். எதை விடுகிறீர்கள்?" என்றார். தனிச் சுற்றுலாவுக்குக் கொடுக்கிற காசு இந்தக் கேள்விக்குத்தான் என்று நினைக்கிறேன். பஸ்ஸில் போனபோது யாரும் எங்களிடம் எதையும் கேட்கவில்லை.

ரெயின்டீர் என்பது பனிப்பிரதேசத்து மான். பண்ணையை விடக் கூடாது என்று பேரன் பிடிவாதம் பிடித்தான். "ரோட்டிலேயே பத்து ரெயின்டீராவது பார்ப்பாய். பார்க்கவில்லை என்றால் பண்ணைக்குப் போகலாம்" என்றார் அவனிடம். ஃபின்னிஷில்தான் சொன்னார், அவன் அங்கே பள்ளிக்கூடம் போகிறவன், சரளமாகப் பேசுவான். எனக்கு மகள் மொழிபெயர்த்தாள். கடைசிக் கணக்கில் பதினாலு பார்த்தோம்.

முதல் ஐந்தும் இவாலோ தாண்டிப் பதினைந்து நிமிஷத்தில் நடுரோட்டில் நின்றன. அந்த அம்மாள் ஹார்ன் அடிக்கவில்லை. வண்டியை நிறுத்தி, இன்ஜினை அணைத்து, கண்ணாடியை இறக்கிவிட்டார். நானும் கடமானும் புள்ளிமானும் பார்த்தே வாழ்ந்தவன்தான், ஆனால் முதலில் காதில் விழுந்த சத்தம் புரியவில்லை. அவை நடக்கிறபோது காலடியில் 'டிக் டிக்' என்று ஒரு சத்தம், யாரோ விரலைச் சொடுக்குகிற மாதிரி. குளம்புக்கு மேலே நரம்பு எலும்பில் வழுக்குகிற சத்தம் என்றார். அடுத்த ஆச்சரியம் கொம்பு. நம் காட்டு மானுக்குக் கொம்பு இருந்தால் ஆண், பேச்சே கிடையாது. இங்கே பெண்ணுக்கும் கொம்பு உண்டு. ஆண் கொம்பை இணைசேரும் பருவம் முடிந்ததும் உதிர்த்துவிடும். பெட்டை குளிர்காலம் முழுக்க வைத்திருக்கும், பனியைக் கிளறிக் கிடைத்த தீனியை மற்றவை பறிக்காமல் காத்துக்கொள்ள.

ஒரு பெரிய கடாவின் கொம்பில் வெல்வெட் தோல் உரிந்து, கிழிந்த சாக்கு மாதிரி தொங்கிக்கொண்டிருந்தது. உரிந்த இடம் ரத்தச் சிவப்பு. பேரன் பயந்துவிட்டான். கடமான் மரத்தில் கொம்பைத் தேய்த்துத் தேய்த்து இதே வேலையைச் செய்வதை அவனுக்கு நான் சொன்னேன். அந்த அம்மாள் மகளிடம், "உங்கள் அப்பா என்ன சொல்கிறார்?" என்று கேட்டு, கேட்டதும் என்னைத் திரும்பிப் பார்த்தார். அதற்குப் பிறகு எனக்கு விளக்கம் சொல்வதைக் குறைத்துக்கொண்டு, கேள்வி கேட்க ஆரம்பித்தார். எந்த மரத்தில் தேய்க்கும்? எத்தனை அடி உயரத்தில்? உரிந்த தோலைத் தின்னுமா?

பைனாகுலரை வாங்கிக் காதைப் பார்க்கச் சொன்னார். காதோரம் வெட்டு வெட்டாக இருந்தது. நம் ஊரில் ஆட்டுக்காரர்கள் காதில் வெட்டுப் போட்டு அடையாளம் வைப்பார்களே, அதேதான். காட்டில் தன்னிஷ்டத்துக்குத் திரிந்தாலும் இந்தப் பக்கம் சொந்தக்காரர் இல்லாத ரெயின்டீர் கிடையாது. ஃபின்லாந்து முழுக்க வளர்ப்பு ரெயின்டீர் இரண்டு லட்சம் அளவில். ஒவ்வொரு சொந்தக்காரருக்கும் பதிவு செய்த காது வெட்டு உண்டு. கோடையில் குட்டிகளைப் பிடித்து வெட்டுப் போடுவார்கள். "இது என் சித்தப்பா மகனுடையது" என்றார் ஒன்றைக் காட்டி. உடனே நான், "அவருக்கு மொத்தம் எத்தனை இருக்கு?" என்று கேட்டுவிட்டேன்.

வேனுக்குள் அமைதி. மகள் என் கையைக் கிள்ளினாள். அந்த அம்மாள் சிரித்துவிட்டு, அந்தக் கேள்வியை அங்கே யாரும் கேட்க மாட்டார்கள், பேங்கில் எவ்வளவு போட்டிருக்கிறாய் என்று கேட்கிற மாதிரி என்றார். கேட்டால் என்ன பதில் சொல்வார்கள்? "மரத்துக்கு ரெண்டு பக்கமும் இருக்கு" என்பார்களாம். முதல் தடவை பார்க்கிற ஆளிடமே சம்பளம் எவ்வளவு, வீடு சொந்தமா வாடகையா என்று கேட்கிற ஊரிலிருந்து வந்தவன் நான். சிரித்து மழுப்பினேன்.

வழியில் கர்ஹுன்பெசாகிவி என்று ஒரு இடத்தில் நிறுத்தினார். கரடிக்குகைப் பாறை. மரப்படி ஏறிப் போனால், உள்ளே குடைந்தது போன்ற பெரிய பாறை. ஆள் தவழ்ந்து உள்ளே போகலாம். பேரன் போனான், மாப்பிள்ளை போனார். நான் வெளியே நின்று மேலேயிருந்து தெரிந்த ஏரியைப் பார்த்தேன். பத்து நிமிஷம் போதும்.

இனாரியில் சீதா மியூசியம். ராமாயணத்துச் சீதை இல்லை. சாமி மொழியில் அவர்களுடைய ஊர்ச் சமூகத்துக்குப் பெயர் அது. 2024-இல் ஐரோப்பாவின் சிறந்த மியூசியத்துக்கான விருது வாங்கிய இடம். முதலில் என் குறையைச் சொல்லிவிடுகிறேன்: ஒன்றேகால் மணி நேரம்தான் எங்களுக்குக் கொடுத்தார். அது போதவே போதாது. வெளியே பழைய வீடுகள், மரப்பொறிகள், வலை காயப்போடும் பரண்கள் எல்லாம் வைத்திருக்கிற திறந்தவெளிப் பகுதியை ஓட்டமும் நடையுமாகப் பார்த்தேன். அதற்கே அரை நாள் வேண்டும். நீங்கள் போவதானால் மறுநாள் காலை தனியாக ஒருமுறை போய்விடுங்கள். நாங்கள் அப்படித்தான் செய்தோம், இரண்டாவது டிக்கெட் வாங்கி.

உள்ளே பார்த்ததில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். ஹெல்சிங்கியில் தேசிய அருங்காட்சியகம் வைத்திருந்த சாமிப் பொருள்கள், இரண்டாயிரத்து இருநூறுக்கு மேல், 2021-இல் இந்த மியூசியத்துக்குத் திரும்பி வந்திருக்கின்றன. கரண்டி, தொப்பி, தொட்டில், கத்தி உறை. ஒரு கண்ணாடிப் பெட்டி முன்னால் அந்த அம்மாள் நின்றுவிட்டார். ஐந்து நிமிஷம் எதுவும் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை. பிறகு, "என் பாட்டி போட்ட மாதிரித் தொப்பி. தையலை எண்ணிக்கொண்டிருந்தேன். எனக்கு ஒன்று தைக்க வேண்டும்" என்றார். கடைசி வரை அவர் எங்களுக்காக அந்த உடையைப் போட்டுக் காட்டவில்லை. கல்யாணத்துக்கும் கோயிலுக்கும் போடுவது, வேலைக்குப் போடுவது இல்லை என்றார். சுற்றுலாவில் சாமி உடையை வேஷமாகப் பயன்படுத்தக் கூடாது என்று அவர்களுடைய பாராளுமன்றம் 2018-இல் வழிமுறைகளே வெளியிட்டிருக்கிறது. நெற்றியில் கரி பூசிக்கொண்ட கதையை அப்போது நான் சொல்லவில்லை.

நிரந்தரக் கண்காட்சிக்கு இனாரி சாமி மொழியில் வைத்திருக்கும் பெயருக்கு, 'இந்த நிலங்கள் எங்கள் பிள்ளைகள்' என்று பொருள். நாம் மண்ணைத் தாய் என்கிறோம். தாய் என்றால் அவள் பார்த்துக்கொள்வாள் என்று விட்டுவிடுகிறோம். பிள்ளை என்றால் ராத்திரி எழுந்து நாம்தான் பார்க்க வேண்டும். முப்பத்தாறு வருஷம் தீத்தடுப்புக் கோடு வெட்டியவனுக்கு அந்தப் பெயர் சட்டென்று பிடித்துவிட்டது.

இனாரி ஏரி ஆயிரம் சதுர கிலோமீட்டருக்கும் மேல், அதற்குள் மூவாயிரத்துக்கு மேல் தீவு. அதில் ஒன்று பழைய வழிபாட்டுத் தலம். ஃபின்னிஷில் உக்கோன்சாரி, சாமியில் ஐயிஹ் என்று உச்சரித்தார். கிழவர், பெரியவர் என்கிற மாதிரிப் பொருளாம். ஐயனார் நினைவு வந்தது, சொல்லாராய்ச்சிக்கு இறங்கவில்லை. மியூசியம் படித்துறையிலிருந்து கோடையில் படகு போகிறது. முன்பெல்லாம் தீவில் ஆட்களை இறக்கி உச்சி வரை ஏற விடுவார்கள். இப்போது இறக்குவதில்லை, தள்ளி நின்று பார்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். படகா, நடையா என்று கேட்டார். நடை என்றோம்.

அந்த நடைதான் இந்த நாளின் சாரம். பியல்பாயார்வி என்கிற ஏரிக்கரையில் ஒரு பழைய மரத்தேவாலயம் இருக்கிறது. வண்டி நிறுத்தும் இடத்திலிருந்து போக நாலரை கிலோமீட்டர், வர நாலரை. ரோடு கிடையாது. பாறை, வேர், ஈரமான இடத்தில் இரண்டு பலகையை நீளப் போட்டு நடைபாதை. ஏற்றம் பெரிதாக இல்லை, ஆனால் கண்ணைக் காலில் வைத்துத்தான் நடக்க வேண்டும். முழங்கால் சரியில்லாதவர்கள் போகக் கூடாது. வீட்டுக்காரி வராதது நல்லதாகப் போயிற்று.

பிர்ச் மரங்கள் மஞ்சள், தரையில் புளூபெரிச் செடி ரத்தச் சிவப்பு, இடையில் பைன் மட்டும் பச்சை. இலை நிறம் மாறும் இந்தப் பருவத்துக்கு ருஸ்கா என்று தனிப் பெயரே வைத்திருக்கிறார்கள். இரண்டு வாரம் நீடித்தால் அதிகம். நல்ல வேளை, ஜூலையில் ஆளைத் தூக்கிக்கொண்டு போகிற கொசுக் கூட்டம் செப்டம்பரில் இல்லை. லிங்கன்பெரி கொத்துக் கொத்தாகப் பழுத்துக் கிடந்தது. பேரன் பறிக்கலாமா என்றான். காட்டில் யாரும், எவ்வளவும் பறிக்கலாம், அது இந்த நாட்டில் எல்லோருக்கும் உள்ள உரிமை, அடுத்தவர் காடாக இருந்தாலும் சரி என்றார். சிறு வன மகசூல் என்ற பெயரில் நெல்லிக்காய் மூட்டையைப் பிடித்துவைத்து ரசீது கேட்டவன் நான். பேசாமல் ஒரு கை பறித்து வாயில் போட்டுக்கொண்டேன். புளிப்பு.

ஒரு இடத்தில் பேரன் பாதையை விட்டு வெள்ளைப் பாசிமேல் குதிக்கப் போனான். அந்த அம்மாள் குரலை உயர்த்தியது அந்த ஒரு தடவைதான். மண்டியிட்டு ஒரு துணுக்கை எடுத்து அவன் உள்ளங்கையில் வைத்தார். பாசி என்று நான் சொல்லிக்கொண்டிருந்தது லைக்கன், நம் சமையலில் போடுகிற கல்பாசி வகை. ஒரு வருஷத்துக்குச் சில மில்லிமீட்டர்தான் வளருமாம். காய்ந்திருக்கும்போது மிதித்தால் அப்பளம் மாதிரி நொறுங்கும். பனிக்காலத்தில் ரெயின்டீருக்கு இதுதான் சோறு. "உன் விரல் உயரம் இருக்கிறதே, இது உன்னைவிட மூத்தது" என்றார். அவன் அதன் பிறகு பலகையைவிட்டு இறங்கவே இல்லை. பனி இறுகித் தரையைத் தோண்ட முடியாத வருஷங்களில், கிழட்டு மரங்களில் தாடி போலத் தொங்கும் இன்னொரு வகைதான் அவற்றைக் காப்பாற்றும். கிழட்டு மரத்தை வெட்டினால் அதுவும் போச்சு. அதனால்தான் இந்தப் பக்கம் அரசின் மரம்வெட்டுக்கும் ரெயின்டீர் வளர்ப்பவர்களுக்கும் பல வருஷம் சண்டை. "நீங்கள் எந்தப் பக்கம் இருந்திருப்பீர்கள்?" என்று என்னைக் கேட்டார். வெட்டுக்கு மரம் குறியிடும் சுத்தியல் என் கையில் இருந்தது என்றேன். தலையை ஆட்டிவிட்டு நடந்தார்.

கேலோ என்று ஒரு மரம் காட்டினார். தனி மரம் இல்லை, பட்டுப்போன பைன்தான். சில நூறு வருஷம் வாழ்ந்து, நின்றபடியே செத்து, பட்டை உதிர்ந்து, வெள்ளிக் கம்பி மாதிரி சாம்பல் நிறத்தில் இன்னும் நூறு வருஷத்துக்கு மேல் அழுகாமல் நிற்கும். நம் காட்டில் பட்ட மரத்தை ஒரே மழைக்காலத்தில் கறையானும் காளானும் முடித்துவிடும். கை வைத்துப் பார்த்தேன். தேக்கு மேசை மாதிரி வழவழப்பு, சூடு கூட இருந்தது. அங்கேயே பத்து நிமிஷம் நின்றேன். அவசரப்படுத்தவில்லை. நாலு பேர் வந்து மூன்று பேர் காத்திருப்பதும், நாற்பது பேர் காத்திருப்பதும் ஒன்றில்லை.

தேவாலயம் 1752-இல் தொடங்கி 1760-இல் முடித்தது. பைன் காட்டுக்கு நடுவில் திடீரென்று ஒரு பச்சைப் புல்வெளி, அதில் சாம்பல் நிறத்தில் மரப்பெட்டி மாதிரி நிற்கிறது. கதவு பூட்டவில்லை, தள்ளிக்கொண்டு போய், வரும்போது சாத்திவிட்டு வர வேண்டும். உள்ளே வெறும் மரம். சாயம் இல்லை, விளக்கு இல்லை, பழைய பலகை வாசனை. ஒரு காலத்தில் இனாரி சாமிகளின் குளிர்காலக் கிராமம் இதைச் சுற்றி இருந்ததாம். 1944-இல் ஜெர்மன் படை பின்வாங்கும்போது லாப்லாந்து முழுக்கத் தீ வைத்துக்கொண்டே போனார்கள். இது தப்பித்தது. அவர் பாட்டி அகதியாகப் போய்த் திரும்பி வந்தபோது, வீட்டில் புகைபோக்கி மட்டும் நின்றதாம்.

பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோதுதான் மொழிப் பேச்சு வந்தது. இனாரி நகராட்சிக்கு நாலு ஆட்சிமொழி: ஃபின்னிஷ், வடக்கு சாமி, இனாரி சாமி, ஸ்கோல்ட் சாமி. இனாரி சாமி பேசுகிறவர்கள் சில நூறு பேர்தான். அவர் அம்மா பாட்டியோடு அந்த மொழியில் பேசுவார், இவரோடு ஃபின்னிஷில். விடுதிப் பள்ளியில் பட்ட பாட்டைப் பிள்ளை படக் கூடாது என்று. நாற்பது வயதில்தான் இவர் வகுப்புக்குப் போய்த் தன் தாய்மொழியைப் படித்திருக்கிறார். சின்னக் குழந்தைகளுக்கு 1997 முதல் 'மொழிக்கூடு' நடக்கிறது. கூட்டுக்குள் நுழைந்தால் சாமி மட்டும்தான். சொல்லிவிட்டு, "பையன் உங்களோடு எதில் பேசுவான்?" என்றார். "தமிழ் நல்லாப் புரியும்" என்று மகள் முந்திக்கொண்டு சொன்னாள். அவர் மேலே எதுவும் கேட்கவில்லை. பேரன் அவரிடமிருந்து ஒரு சொல் கற்றுக்கொண்டான். தக்கா என்றால் நன்றி.

சாப்பாடு, திரும்பும் வழியில் ஏரிக்கரையில் நெருப்பு மூட்ட என்றே அமைத்திருந்த இடத்தில். பிர்ச் பட்டையைக் கத்தியால் சீவி, ஒரே தீக்குச்சியில் பற்றவைத்தார். எண்ணினேன், ஒன்றுதான். கரிப்பிடித்த கெட்டிலில் காபித்தூளை அப்படியே போட்டுக் கொதிக்கவைத்து, தூள் அடியில் இறங்கும் வரை காத்திருந்து, பிர்ச் மர முண்டைக் குடைந்த குவளையில் ஊற்றினார். அதற்குள் ஒரு துண்டு சீஸ் போட்டார். பல்லில் கீச்சென்று சத்தம் போடுகிற சீஸ். நம் ஃபில்டர் காபிக்குப் பக்கத்தில் நிற்காது. ஆனால் ஏழு டிகிரிக் குளிரில் யார் ஒப்பிட்டுப் பார்ப்பது.

மாப்பிள்ளை சைவம். அது முன்பே மகள் எழுதியிருந்ததால், அவருக்குத் தனியாகக் காளான் சூப், தனிப் பாத்திரத்தில், தனிக் கரண்டியோடு. எங்களுக்கு சால்மன் சூப். அப்புறம் எனக்கு மட்டும் காகிதத்தில் சுற்றிய கறுப்புத் துண்டு ஒன்றைக் கத்தியால் சீவிக் கொடுத்தார். உப்புக்கண்டம். ரெயின்டீர் உப்புக்கண்டம். 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தைக் காட்டி மான்கறிக்கு எத்தனை பேர் மேல் வழக்கு எழுதியிருப்பேன்! வாயில் போடுவதற்கு முன்னால் என்னை அறியாமல் பின்னால் திரும்பிப் பார்த்தேன். மகள் சிரித்த சிரிப்பில் அடுத்த கரையிலிருந்து ஒரு பறவை எழுந்து பறந்தது. ருசி, நம் ஆட்டு உப்புக்கண்டத்தைவிடக் கொஞ்சம் இனிப்பு.

குறைகள். ரப்பர் பூட்ஸ் எனக்கு ஒரு அளவு பெரிது, இரண்டாவது ஜோடி கொண்டுவரவில்லை. இடது குதிகாலில் கொப்புளம். அளவை முன்பே எழுதிவிடுங்கள், அல்லது உங்கள் சொந்தக் காலணியில் போங்கள். வழியில் இருப்பது உலர்கழிப்பிடம் மட்டும். பழக்கம் இல்லாதவர்கள் மியூசியத்திலேயே முடித்துக்கொள்வது நல்லது. திரும்பும்போது நாங்கள் எல்லோரும் தூங்கி வழிந்ததில், அவரும் பேச்சை நிறுத்திவிட்டு ரேடியோவைப் போட்டுவிட்டார். அது குறையா என்று தெரியவில்லை. இன்னொன்று: கரடியோ ஓநாயோ பார்க்கலாம் என்று நினைத்துப் போனால் ஏமாந்துபோவீர்கள். நாங்கள் பார்த்தது பதினாலு ரெயின்டீர், ஒரு அணில், சில பறவைகள். அவர் பதிவிலேயே மிருகம் காட்டுவேன் என்று எழுதவில்லை. எழுதுகிறவரிடம் போகாதீர்கள்.

பதிவு செய்யும்போது மூன்று கேள்வி கேளுங்கள்: நீங்கள் இந்த ஊரா, ஒரு இடத்தை விட்டு இன்னொன்றில் கூடுதல் நேரம் இருக்கலாமா, கடைக்குக் கூட்டிப்போவீர்களா. மூன்றாவதற்கு இல்லை என்ற பதில் வர வேண்டும். இவர் எங்களை ஒரு கடைக்கும் கூட்டிப்போகவில்லை. நானாகத்தான் மியூசியக் கடையில் கைவேலைக் கத்தி ஒன்றை எடுத்து, விலைச்சீட்டைத் திருப்பிப் பார்த்து, இருந்த இடத்திலேயே வைத்தேன்.

இறக்கிவிடும்போது அந்தக் கரிப் பொட்டுக் கதையைச் சொன்னேன், என் பங்கு ஆட்டக் கதையையும் சேர்த்து. முழுக்கக் கேட்டார். "அவர்கள் இப்போதும் ஆடுகிறார்களா?" என்று கேட்டார். அவர்கள் வீட்டு விசேஷங்களில் ஆடுகிறார்கள் என்றேன். "அப்போது சரி" என்றார். பேரன் தக்கா சொன்னான்.

ராத்திரி வீட்டுக்காரி போனில் வந்தாள். சாமி கும்பிட்டீங்களா, குளிருச்சா, பையன் சாப்பிட்டானா என்று வரிசையாகக் கேட்டுவிட்டு, கடைசியில், "ஆமா, எவ்வளவு ஆச்சு?" என்றாள்.

மரத்துக்கு ரெண்டு பக்கமும் இருக்கு என்று சொல்லி வைத்துவிட்டேன்.